புரியாத பாஷையின் ஆட்சி

1965-ஆம் வருஷம், கம்யூனிஸ்ட் ஆட்சியிலிருந்த செக்கோஸ்லோவாகியாவின் தலைநகராகிய பிராகில், வாத்ஸ்லாவ் ஹாவெல் இயற்றிய ‘மெமொராண்டம்’ என்னும் ஹாஸ்ய நாடகம் அரங்கேறிற்று. ஒரு காரியாலயத்தில் ‘ப்டிடெபே’ என்றொரு செயற்கைப் பாஷை புகுத்தப்படுகிறது. பெரும்பாலோர்க்கு அது விளங்குவதில்லை, எனினும் தலையசைக்கின்றனர். தலைமை அதிகாரி கிராஸுக்கே அப்பாஷையில் ஒரு கடிதம் வருகிறது. மொழிபெயர்க்க அனுமதி வேண்டும். அவ்வனுமதியோ ஒருவர் மேஜையினின்று மற்றவர் மேஜைக்குத் தள்ளப்படுகிறதேயன்றிக் கிட்டுவதில்லை!

சிரித்துவிட்டுப் போகலாமென்றால் ஆசிரியர் விடுவதில்லை. மரியா என்னும் சிப்பந்தி அனுமதியின்றியே கடிதத்தைப் படித்துச் சொல்கிறாள். அது அப்பாஷையையே கண்டிக்கும் கடிதம்! மரியா வேலையை இழக்கிறாள். அவளால் பதவியை மீட்ட கிராஸோ, மனிதத்தன்மையைப் பற்றி ஒரு பிரசங்கம் செய்துவிட்டு, அவளுக்கு உதவ மறுக்கிறார்.

மூட உத்தரவைப் பிறப்பிப்போர் சிலரே. அதை நிலைக்கச் செய்வோர், அநீதியென்று அறிந்தும் அழகிய சொற்களால் தம் அச்சத்தைப் போர்த்துக்கொள்ளும் கிராஸ்களேயாவர். ஹாவெல் அவ்வாறிருக்கவில்லை. 1968-இல் சோவியத் படை புகுந்தபின் அவருடைய நாடகங்கள் தடுக்கப்பட்டன. 1979 முதல் 1983 வரை சிறையிலிருந்தார். 1989-இல் அந்நாட்டின் ஜனாதிபதியானார்.

மேடையில் சுதந்திரத்தைப் புகழ்வது எளிது. பக்கத்து மேஜையிலிருந்து ஒரு மரியா வெளியேற்றப்படும்போது எழுந்து நிற்பவனே அதன் காவலன்.