தேக்காவிலிருந்து புக்கிட் பாத்தோக் வரை: உரிம விதியும் தமிழ் உலாவும்

சிங்கப்பூரில் பயண முகவர்களையும் சுற்றுப்பயண வழிகாட்டிகளையும் ஆளும் சட்டங்களின் திருத்தங்கள் 2018 ஜனவரி 1 அன்று நடைமுறைக்கு வந்தன. 2017 செப்டம்பரில் நாடாளுமன்றம் நிறைவேற்றிய இத்திருத்தங்களுக்குப் பின் சிறு குழுவைக் கூட்டிச் செல்பவர் அறிய வேண்டியவை இரண்டு. பணம் வாங்கிக்கொண்டு நேரில் வழிகாட்டுபவருக்கு உரிமம் கட்டாயம் என்ற விதி அப்படியே தொடர்கிறது. முகவர் உரிமம் மட்டும் பொது, ‘நிஷ்’ என இரண்டாகப் பிரிந்தது. சிங்கப்பூருக்குள்ளேயே நடக்கும், தங்குமிடம் சேராத உலாக்களை மட்டும் விற்பவருக்கு நிஷ் உரிமம் போதும். பொது உரிமத்துக்குக் காட்ட வேண்டிய நிதித் தகுதி 100,000 வெள்ளி. நிஷ் உரிமத்துக்கு 50,000 வெள்ளி.

வழிகாட்டி உரிமம் தொடர்வது நல்லது. மூன்று மணி நேரத்தில் எதை வேண்டுமானாலும் சொல்லிவிட்டுப் போகக்கூடிய தொழில் இது. கேட்பவரால் அதைச் சரிபார்க்க முடியாது. லிட்டில் இந்தியாவில் எந்த மாலையிலும் நின்று கேட்டால், கோயில் கோபுரத்து உருவங்களுக்கு மனம்போன கதை சொல்லும் உரிமமற்ற குரல்கள் காதில் விழும். அவற்றைத் தடுக்கும் விதியை இவ்விதழ் வரவேற்கிறது. தண்டனைகளைக் கடுமையாக்கியதிலும் குறை காண ஒன்றுமில்லை.

நிஷ் உரிமத்தின் நோக்கமும் நல்லதே. பெரிய பேருந்தும் வெளிநாட்டு ஹோட்டல் ஒப்பந்தமும் இல்லாதவரை அவை இருப்பவரோடு ஒரே தட்டில் வைத்து நிறுத்த வேண்டியதில்லை என்பதைச் சட்டம் ஒப்புக்கொண்டிருக்கிறது. ஆனால் பாதி வழியில் நின்றுவிட்டது. ஆறு முதல் பன்னிரண்டு பேர் வரை ஒரு வேனில் ஏற்றி, வண்டிக் கூலியையும் நுழைவுக் கட்டணத்தையும் மதியச் சாப்பாட்டையும் ஒரே விலையில் சேர்த்து விற்றால், உரிமம் பெற்ற வழிகாட்டியே ஆனாலும் அவர் முகவர் ஆகிவிடுகிறார். முகவர் ஆனதும் 50,000 வெள்ளி குறுக்கே நிற்கிறது. ஒரு நாளில் ஒரு குழு, வாரத்தில் இரண்டு மூன்று குழு என்று பிழைக்கும் தனியாளுக்கு அந்தத் தொகையும் ஒன்றுதான், ஒரு லட்சமும் ஒன்றுதான். அவருக்கு மிஞ்சுவது வேறொரு முகவரின் கீழ் நாள்கூலிக்குப் போவது. அந்த முகவர் நாற்பது இருக்கையை நிரப்பப் பார்ப்பார். சிறு குழு உலா அங்கேயே முடிந்துவிடும்.

லிட்டில் இந்தியா, சைனாடவுன், கம்போங் கிளாம் ஆகிய இடங்களில் இந்தச் சிக்கல் எழாது. அங்கே எல்லாம் நடைதூரம். சிக்கல் நகரின் மையத்துக்கு வெளியே எழுகிறது. தமிழ் வழிகாட்டிக்கு அதற்குப் புக்கிட் பாத்தோக்கைவிடப் பொருத்தமான எடுத்துக்காட்டு கிடையாது.

1942 பிப்ரவரி 15 மாலை, மேல் புக்கிட் தீமா சாலையிலுள்ள ஃபோர்டு கார்த் தொழிற்சாலையின் கூட்ட அறையில் பிரிட்டிஷ் தளபதி பெர்சிவல் ஜப்பானியத் தளபதி யமாஷித்தாவிடம் சரணடைந்தார். இரண்டு நாள் கழித்து, பிப்ரவரி 17 அன்று, பிரிட்டிஷ், ஆஸ்திரேலியப் படையினர் சாங்கிக்கு நடத்திச் செல்லப்பட, இந்தியப் படையினர் மட்டும் பிரிக்கப்பட்டு ஃபேரர் பார்க் திடலில் கூட்டப்பட்டார்கள். நாற்பதாயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் என்பது பொதுவான கணக்கு. பிரிட்டிஷ் தரப்பில் லெப்டினன்ட் கர்னல் ஹன்ட் அவர்களைக் கையளித்தார். ஜப்பானிய மேஜர் ஃபுஜிவாரா பெற்றுக்கொண்டு, கேப்டன் மோகன் சிங்கிடம் ஒப்படைத்தார். இந்திய தேசிய ராணுவத்தின் முதல் அத்தியாயம் அந்தத் திடலில் தொடங்கியது. லிட்டில் இந்தியாவின் தேக்காவிலிருந்து அங்கே நடந்தே போகலாம்.

சாங்கி நோக்கிப் போன வரிசையின் தொடர்ச்சி புக்கிட் பாத்தோக் குன்றில் இருக்கிறது. அங்கே ஜப்பானியர் போரில் இறந்த தங்கள் படையினருக்கு ‘ஸ்யோனான் சூரெய்த்தோ’ என்ற நினைவுத் தூணை எழுப்பினார்கள். சுமார் 500 பிரிட்டிஷ், ஆஸ்திரேலியக் கைதிகளின் உழைப்பில் அது எழுந்து, 1942 செப்டம்பரில் திறக்கப்பட்டது. சுமார் 40 அடி உயர மரத்தூண். அதன் பின்னால் கைதிகள் தங்கள் தரப்பில் இறந்தோருக்கென ஒரு சிலுவையும் நட்டார்கள். பிரிட்டிஷார் திரும்புமுன் ஜப்பானியரே எல்லாவற்றையும் அழித்தார்கள். அங்கிருந்த ஜப்பானியப் படையினரின் சாம்பல் சுவான் ஹோ அவென்யூவிலுள்ள ஜப்பானிய மயானத்துக்குப் போனது. இன்று எஞ்சியிருப்பவை நுழைவாயிலின் இரு தூண்களும் ஏறும் படிகளும் கைதிகள் வெட்டிய லோரோங் செசுவாய் சாலையும்தான். உச்சியில் ஒலிபரப்புக் கோபுரம் நிற்கிறது.

அழிந்துபோன நினைவிடத்தைக் காட்டுவது வழிகாட்டிக்குக் கடினமான வேலை. கண்ணுக்குத் தெரிவது படிக்கட்டு. மற்றதெல்லாம் அவர் வாயிலிருந்து வர வேண்டும். தொழிற்சாலை, திடல், குன்று மூன்றையும் ஒரே நாளில் பார்த்தவருக்கு, ஒரே சரணாகதி இரண்டு வகைப் படையினரை எப்படி இரண்டு வழியில் அனுப்பியது என்பது விளங்கும். தனித்தனியே பார்த்தவருக்கு விளங்காது. சிங்கப்பூரில் ஒரு தமிழ் வழிகாட்டி அமைக்கக்கூடிய மிகச் செறிவான ஒருநாள் உலா இதுதான் என்பது இவ்விதழின் கருத்து.

இதில் தமிழின் இடத்தைக் கவனித்தாக வேண்டும். ஃபேரர் பார்க்கில் ஃபுஜிவாரா ஜப்பானிய மொழியில் பேசினார். அது ஆங்கிலத்துக்கும், அதிலிருந்து ஹிந்துஸ்தானிக்கும் பெயர்க்கப்பட்டது. 1943 ஜூலையில் சுபாஷ் சந்திர போஸ் கேத்தே கட்டடத்திலும் பாடாங்கிலும் பேசிய பின் நிலைமை மாறியது. மலாயாத் தோட்டங்களிலிருந்து தமிழ்த் தொழிலாளர்கள் பெருந்திரளாக வந்து சேர்ந்தார்கள். அவர் உரைகள் அவர்களுக்காகத் தமிழில் பெயர்க்கப்பட்டன. 1943 அக்டோபர் 22 அன்று வாட்டர்லூ ஸ்திரீட்டில் தேசிய ராணுவத்தின் பெண்கள் பிரிவான ஜான்சி ராணிப் படையின் பயிற்சி முகாம் திறந்தபோது, சென்னையிலிருந்து வந்து இங்கே மருத்துவம் பார்த்த லட்சுமி சுவாமிநாதன் தலைமையில் அணிவகுத்த பெண்களில் பலர் தோட்டத்துப் பெண்கள். அதே தோட்டங்களிலிருந்து இன்னொரு கூட்டம் சயாம் மரண ரயிலுக்குப் போய்த் திரும்பாமல் மடிந்தது. எஸ்பிளனேடில் 1945 ஜூலையில் அடிக்கல் நாட்டப்பட்ட தேசிய ராணுவ நினைவுச் சின்னத்தைப் பிரிட்டிஷார் திரும்பியதும் தகர்த்தார்கள். அந்த இடத்தில் அடையாளக் கல் வைக்கப்பட்டது 1995இல். ஐம்பது ஆண்டு இடைவெளி.

இந்த வரலாற்றின் சாட்சியம் பெரும்பாலும் தமிழில் இருந்தது. தாத்தா பாட்டிகள் வீட்டில் சொன்ன கதைகளாக இருந்தது. அவர்களில் பெரும்பாலோர் இன்று இல்லை. எஞ்சியதைக் கேட்டு, ஆவணத்தோடு ஒத்துப் பார்த்து, அடுத்தவருக்குச் சொல்லக்கூடியவர் தமிழ் தெரிந்த வழிகாட்டி ஒருவரே. திருத்தச் சட்டமோ யார் விற்கிறார், யார் கூலி வாங்குகிறார், கணக்கு யாரிடம் என்பதையே சுற்றிச் சுற்றி வருகிறது. எந்த மொழியில், யாருடைய கதை சொல்லப்படுகிறது என்பது அதன் அக்கறையில் இல்லை. தமிழ் இந்த நாட்டின் நான்கு ஆட்சி மொழிகளுள் ஒன்று. 2016இல் இந்தியாவிலிருந்து வந்தவர்கள் சுமார் 11 லட்சம் பேர். சிங்கப்பூரில் வேலை பார்க்கும் மகனோ மகளோ மதுரையிலிருந்தும் திருச்சியிலிருந்தும் பெற்றோரை அழைத்து வருவது அன்றாட நடப்பு. அந்தப் பெற்றோருக்குச் செந்தோசாவையும் மெர்லயனையும் காட்ட எத்தனையோ பேர் இருக்கிறார்கள். ஃபோர்டு தொழிற்சாலையில் அவர்கள் மொழியில் ஒரு மணி நேரம் பேச ஆள் வேண்டும் என்று விதி வகுத்தோர் ஒருமுறையேனும் நினைத்துப் பார்த்ததற்கு அடையாளம் தெரியவில்லை.

மற்ற விஷயங்களில் அரசு அமைப்புகள் எவ்வளவு விரைவாகச் செயல்பட முடியும் என்பதை 2017ஆம் ஆண்டு காட்டியது. புதுப்பித்துத் திறந்த தொழிற்சாலைக் கண்காட்சிக்கு, ஜப்பானியர் ஆக்கிரமிப்பின்போது சிங்கப்பூருக்கு இட்ட ‘ஸ்யோனான்’ என்ற பெயரை வைத்தபோது மக்கள் மனம் புண்பட்டது. பிப்ரவரி 17 அன்று, திறந்த சில நாட்களிலேயே, பெயர் மாற்றப்பட்டது. அது சரியான முடிவு. ஒரு பெயரின் காயம் சில நாளில் உணரப்படுகிறது. ஒரு சமூகத்தின் கதை அதன் மொழியில் சொல்லப்படாமல் கிடப்பது ஆண்டுக் கணக்கில் உணரப்படவில்லை. கலந்தாய்வு என்ற பெயரில் கூட்டங்கள் நடக்கின்றன, படிவங்கள் நிரப்பப்படுகின்றன. தமிழ் வழிகாட்டிகள் எழுப்பும் கேள்விக்கு ‘எண்ணிக்கை குறைவு’ என்பதே பதிலாக வருகிறது. பெருக வழியே விடாமல் குறைவு என்று சொல்வது நியாயமில்லை.

வெளிநாட்டு அனுபவம் இங்கே உதவும். மாட்ரிட்டிலிருந்து தொலேதோவுக்கு அதிவேக ரயிலில் அரை மணி. செகோவியாவுக்கும் ஏறத்தாழ அவ்வளவே. காலையில் எட்டுப் பத்துப் பேரோடு கிளம்பி மாலையில் திரும்பும் உலா அங்கே நிலைபெற்ற தொழில். வழிகாட்டி உரிமம் ஸ்பெயினில் ஒவ்வொரு தன்னாட்சிப் பகுதியின் கையில் இருக்கிறது. மாட்ரிட் ஒரு பகுதியில், தொலேதோ இன்னொன்றில், செகோவியா மற்றொன்றில். ஐரோப்பிய நீதிமன்றம் 1991 பிப்ரவரி 26 அன்று பிரான்ஸ், இத்தாலி, கிரீஸ் மீதும், 1994 மார்ச் 22 அன்று ஸ்பெயின் மீதும் அளித்த தீர்ப்புகளைத் தொழிலில் இருப்போர் அறிவார்கள். வேறொரு உறுப்பு நாட்டிலிருந்து குழுவோடு வரும் வழிகாட்டியிடம் உள்ளூர் உரிமம் கேட்பது, சிறப்பு வழிகாட்டியோடு மட்டுமே பார்க்கக்கூடிய அருங்காட்சியகங்கள், நினைவுச் சின்னங்கள் தவிர்த்த இடங்களில், சேவைச் சுதந்திரத்துக்குத் தடை என்பது அத்தீர்ப்புகளின் சாரம். அதிகம் பேசப்படாதது அதன் காரணம்: உரிமக் கட்டுப்பாட்டால், பயணிகளின் மொழியையும் ஈடுபாட்டையும் எதிர்பார்ப்பையும் அறிந்த வழிகாட்டி அவர்களுக்குக் கிடைக்காமல் போகிறார் என்று நீதிமன்றம் கருதியது. மொழி தெரிந்த வழிகாட்டி சுற்றுலாப் பயணிக்குரிய பயன் என்று ஒரு நீதிமன்றம் 1991இலேயே கணக்கில் எடுத்திருக்கிறது. சிங்கப்பூர் அந்தத் தீர்ப்புக்குக் கட்டுப்பட்டதல்ல. அந்தக் காரணத்தை எடுத்துக்கொள்ள எந்தத் தடையும் இல்லை.

இவ்விதழின் நிலைப்பாடு இதுதான். உரிமம் பெற்ற வழிகாட்டி ஒருவர், வேன் ஒன்றுக்குள் அடங்கும் குழுவை, ஒரே நாளில், சிங்கப்பூருக்குள் அழைத்துச் சென்றால், 50,000 வெள்ளி நிபந்தனையிலிருந்து அவருக்கு விலக்கு வேண்டும். வாடிக்கையாளரின் பணத்துக்குப் பாதுகாப்பு தேவை என்றால், முன்பணம் வாங்கக் கூடாது என்று விதிக்கலாம். வண்டிப் பாதுகாப்புக்கு நிலப் போக்குவரத்து ஆணையத்தின் விதிகள் தனியாக உள்ளன. தமிழில் வழிகாட்டுவதற்கான பயிற்சியை ஆள் எண்ணிக்கை பார்க்காமல் நடத்த வேண்டும். அதன் பாடத்தில் ஃபேரர் பார்க்கும் புக்கிட் பாத்தோக்கும் இருக்க வேண்டும். ‘குட்டி குய்லின்’ என்று ஊர் சொல்லும் புக்கிட் பாத்தோக் நகரப் பூங்காவின் பாறையைக் கருங்கல் என்று சொல்லிக் கடந்துவிடும் பழக்கமும் அதில் திருந்தலாம். நிலவியலார் அதைக் கொம்பாக் நோரைட் என்கிறார்கள். புக்கிட் தீமாவின் கருங்கல் வேறு.

விதி மாறும்வரை தொழில் நிற்கக் கூடாது. வேன் இல்லாமலும் இந்த உலா முடியும். காலையில் ஃபேரர் பார்க்கில் தொடங்கி, சிராங்கூன் சாலை வழியே நடந்து, லிட்டில் இந்தியா நிலையத்தில் டௌன்டவுன் பாதை ரயில் ஏறினால், மாறாமல் ஒன்பதாவது நிறுத்தம் ஹில்வியூ. 2015 டிசம்பரில் அந்தப் பாதையின் இப்பகுதி திறந்தது இத்தொழிலுக்குக் கிடைத்த பெரிய உதவி. பேருந்தை விரும்புவோருக்கு 170 இருக்கிறது. ஹில்வியூவிலிருந்து தொழிற்சாலைக்குச் சிறு நடை. அங்கிருந்து லோரோங் செசுவாய் பக்கம்தான். வயதானவர்கள் இருந்தால் குன்றை வெயில் தாழ்ந்தபின் வைத்துக்கொள்வது நல்லது. முழங்கால் வலிக்காரர்களைப் படியில் ஏற்ற வேண்டாம். அவர்களைச் சாலைச் சரிவிலேயே மெல்ல அழைத்துப் போகலாம்.

இப்படி நடத்தும்போது அவரவர் பயண அட்டையை அவரவரே தட்ட வேண்டும். சாப்பாட்டுக்கும் அவரவரே காசு கொடுக்க வேண்டும். வழிகாட்டி வாங்குவது வழிகாட்டுவதற்கான ஊதியம் மட்டும் என்பதை ரசீதில் தெளிவாக எழுத வேண்டும். தொழிற்சாலைக் கண்காட்சிக்குக் குடிமக்களும் நிரந்தரவாசிகளும் கட்டணமின்றிப் போகலாம். வெளிநாட்டுப் பெரியவருக்கு 2017இல் கட்டணம் 3 வெள்ளி. அந்தக் கட்டணத்தையும் வழிகாட்டி சேர்த்து வாங்காமல், பயணியே வாயிலில் கொடுத்துச் சீட்டு வாங்கிக்கொள்ளட்டும்.