நகல் அன்று, பாடாந்தரம்

அண்மையில் கொல்கத்தாவில் நடந்த ஒரு கருத்தரங்கில், பார்க் ஸ்ட்ரீட் உணவகங்களில் ஆங்கிலப் பாடல்களைப் பாடிய கலைஞர்களின் இசையையும் நினைவுகளையும் திரட்டி ஆவணப்படுத்த வேண்டும் என்று பேசினேன். “அவர்கள் பாடியவை யாவும் பிறர் பாட்டின் நகல்கள். நகலுக்கு எதற்கு ஆவணம்?” என்று மூத்த பேராசிரியர் ஒருவர் கேட்டார். அவை சிரித்தது. அன்று அங்கே நேரமில்லை என்பதால் அந்தச் சிரிப்புக்கு இங்கே மறுமொழி எழுதுகிறேன்.

பேச்சுக்கு ஒரு பாட்டை எடுத்துக்கொள்வோம். இந்நகரத்து ஆங்கிலோ இந்தியர்களின் கிறிஸ்மஸோடு கலந்துவிட்ட குரல் ஜிம் ரீவ்ஸின் குரல். 1963இல் வெளிவந்த அவருடைய கிறிஸ்மஸ் இசைத்தட்டில் ‘புளூ கிறிஸ்மஸ்’ என்ற பாடல் உண்டு. பண்டிகை நாளில் அன்புக்குரியவர் அருகில் இல்லாத துயரைச் சொல்லும் கன்ட்ரி பாடல் அது. பில்லி ஹேய்ஸும் ஜே ஜான்சனும் இயற்றியது. 1948இல் அதை முதன்முதலில் பதிவுசெய்தவர் டோய் ஓ’டெல். அடுத்த ஆண்டு எர்னஸ்ட் டப் பதிவுசெய்து கன்ட்ரி உலகெங்கும் புகழ்பெறச் செய்தார். 1957இல் எல்விஸ் பிரெஸ்லி பாடினார். அதற்குப் பிறகே ரீவ்ஸ் வருகிறார்.

இவற்றுள் மூலம் எது? முதலில் வந்ததே மூலமென்றால் ஓ’டெல்லை நம்மில் எத்தனை பேர் கேட்டிருக்கிறோம்? உலகம் இன்று எல்விஸின் பாட்டென்றே அதை அறியும். எல்விஸையோ ரீவ்ஸையோ நகலெடுத்தவர் என்று எவரும் எள்ளுவதில்லை. அதே பாட்டு பார்க் ஸ்ட்ரீட் மேடைக்கு வந்து சேரும்போது மட்டும் ‘நகல்’ ஆகிவிடுகிறது. அப்படியானால் அச்சொல் பாட்டின் தன்மையைக் குறிக்கவில்லை. பாடுபவர் யார் என்பதையே குறிக்கிறது.

இதே வங்கத்தில் இரவீந்திரநாத தாகூர் ‘ஆல்ட் லாங் சைன்’ என்ற ஸ்காட்லாந்து மெட்டில் ‘புரானோ ஷேய் தினேர் கதா’ இயற்றினார். முத்துசுவாமி தீட்சிதரின் ‘மீனாக்ஷி மே முதம்’ கிருதியைத் தழுவி ‘பாஸந்தீ ஹே புவனமோஹினீ’ இயற்றினார். வங்காளிகள் இவ்வகைப் பாடல்களைப் ‘பாங்கா கான்’ என்று பெருமையோடு வகைப்படுத்தியிருக்கிறார்கள். தீட்சிதரோ ஆங்கிலேயரின் அரச வாழ்த்து மெட்டில் ‘ஸந்ததம் பாஹிமாம்’ பாடினார்; அதனை நாம் நோட்டுஸ்வரம் என்று போற்றுகிறோம். பெரியோர் கடன் வாங்கினால் அது கொடையாகிறது. உணவகப் பாடகர் வாங்கினால் கடனாகவே நின்றுவிடுகிறது.

“தாகூரும் தீட்சிதரும் புதிய சொற்களை இயற்றினார்கள், இவர்கள் சொல்லையும் மெட்டையும் அப்படியே பாடினார்கள்” என்று மறுப்பு எழலாம். நியாயமான மறுப்புதான். ஆனால் தியாகராஜ கிருதியை அதே சொல்லில், அதே இராகத்தில் பாடும் வித்துவானை நாம் என்ன சொல்கிறோம்? நகலெடுக்கிறார் என்றா? இன்னாருடைய பாடாந்தரம் என்கிறோம். ஒரே கிருதி ஒரு பரம்பரையில் ஒரு விதமாகவும் மற்றொன்றில் வேறு விதமாகவும் ஒலிப்பதை நுணுகி நுணுகி ஆராய்ந்து பட்டம் வாங்குகிறோம். இத்தகைய சொல்லைக் கையில் வைத்துக்கொண்டு, இசைத்தட்டு வணிகம் உண்டாக்கிய ‘கவர்’ என்ற சொல்லுக்கு நாம் அடிபணிய வேண்டியதில்லை.

‘கவர்’ என்பதற்கு இருண்ட வரலாறும் உண்டு. அதை மறைக்க நான் விரும்பவில்லை. 1950களில் அமெரிக்கக் கறுப்பினக் கலைஞர்களின் பாடல்களை வெள்ளையர் பாடிச் சந்தையைக் கைப்பற்றினர். லிட்டில் ரிச்சர்டின் ‘டூட்டி ஃப்ரூட்டி’யை 1956இல் பாட் பூன் பாடியபோது பொதுத் தரவரிசையில் பூனின் பதிவே மேலேறியது. அது சுரண்டல். கொல்கத்தாவில் ஒரு மேடையில் ரீவ்ஸைப் பாடியவர் எவருடைய சந்தையைப் பறித்தார்? அதிகாரம் எப்பக்கம் இருந்தது என்று கேளாமல் இரண்டையும் ஒரே சொல்லால் சுட்டுவது ஆய்வாகாது.

பொருளையும் பாருங்கள். 1947க்குப் பின் ஆங்கிலோ இந்தியக் குடும்பங்கள் பல பிரிட்டனுக்கும் ஆஸ்திரேலியாவுக்கும் கனடாவுக்கும் பெயர்ந்தன. பிள்ளைகளையும் உடன்பிறந்தாரையும் கப்பலேற்றிவிட்டு இங்கேயே தங்கியவர்களின் நடுவே, அன்புக்குரியவர் இல்லாத கிறிஸ்மஸ் பற்றிய பாட்டு ஒலித்தது. அமெரிக்காவில் காதலின் ஏக்கமாக இருந்தது, இங்கே ஒரு சமூகம் கலைந்துபோன துயரத்தையும் ஏற்றுக்கொண்டது. சொல் ஒன்றுகூட மாறாமலே பாட்டு வேறாகிவிட்டது.

தமிழர்களாகிய நமக்கும் இதில் பங்குண்டு. தமிழ்க் குடும்பத்தில் பிறந்த உஷா ஐயர், பின்னாளில் உஷா உதுப், 1968இல் பதிவுசெய்த பாடல்களுள் ஒன்று ஹேங்க் வில்லியம்ஸின் கன்ட்ரி பாடலான ‘ஜம்பலாயா’. அடுத்த ஆண்டு பார்க் ஸ்ட்ரீட்டின் டிரிங்காஸில், சேலையுடுத்தி மேடையேறினார். 2024இல் அவருக்குப் பத்மபூஷண் கிடைத்தது. ஆனால் அவரோடு அதே தெருவில் பாடியும் வாசித்தும் வாழ்ந்த பலருக்கு இசைத்தட்டும் இல்லை, விருதும் இல்லை. பாம் கிரெயின் 2013இலும் கார்ல்டன் கிட்டோ 2016இலும் மறைந்தார்கள். எஞ்சியோர் முதியவர்கள்.

எனவே அந்தக் கேள்விக்கு என் விடை இது: மூலம் எங்கோ பத்திரமாக இருக்கிறது, ரீவ்ஸின் இசைத்தட்டு அழியப்போவதில்லை. அழியக்கூடியது இங்கே பாடப்பட்ட பாடாந்தரம்தான். ஆவணம் அதற்குத்தான் வேண்டும். ஆய்வு மாணவர்கள் இந்த டிசம்பரிலேயே ஒலிப்பதிவுக் கருவியோடு அம்முதியவர்களின் வீடுகளுக்குச் செல்ல வேண்டும். மூலமா நகலா என்ற விவாதத்தை அதன்பின் எத்தனை கருத்தரங்குகளில் வேண்டுமானாலும் நடத்திக்கொள்ளலாம்.