வைக்கோல்போர் நாய்

காசு கொடுத்து வாங்கிய கேம் டிஸ்க்கை நகலெடுத்தா திருட்டா? ‘ஆமா’ன்னு சட்டுன்னு சொல்றவங்க சட்டத்தைப் படிக்கட்டும். கணினி நிரலின் பிரதியைச் சொந்தமாக வைத்திருப்பவர் பாதுகாப்புக்கு நகல் எடுக்கலாம் என்கிறது அமெரிக்கப் பதிப்புரிமைச் சட்டத்தின் 117ஆம் பிரிவு. 1998இல் வந்த டிஎம்சிஏவோ, டிஜிட்டல் பூட்டை உடைப்பதே குற்றம் என்கிறது. சாப்பிடலாம், ஆனா வாயைத் திறக்கக் கூடாது!

முதல் பிளேஸ்டேஷனையே பாருங்கள். அதன் டிஸ்க்கில், தடத்தின் நெளிவிலேயே ஓர் அடையாளக் குறி இருக்கும். வீட்டு சிடி ரைட்டரால் அதை எழுத முடியாது. தரவு முழுசா இருந்தாலும் கன்சோல் நகலை ஏற்காது. ஏற்க வைக்க மாட் சிப் பொருத்தணும். பூட்டுச் சட்டம் அங்கேதான் காத்திருக்கிறது.

சிடி என்ன சாகாவரம் பெற்றதா? தரவுப் படலம் லேபிளுக்கு நேர் கீழே இருக்கிறது. அந்தப் பக்கம் ஆழமா ஒரு கீறல் விழுந்தா முடிஞ்சது கதை. வேற வாங்கிக்கோ என்கிறீர்களா? எங்கே? அமெரிக்காவில் 2010க்கு முன் வெளியான விளையாட்டுகளில் 87% இப்போது விற்பனையில் இல்லை என்று 2023இல் வீடியோ கேம் ஹிஸ்டரி பவுண்டேஷனின் ஆய்வு சொன்னது.

நகலை விற்பவனைப் பிடியுங்கள், தப்பில்லை. தன் டிஸ்க்கைக் காப்பாற்றுபவனை ஏன் குற்றவாளி ஆக்குகிறீர்கள்? விற்கவும் மாட்டோம், காப்பாற்றவும் விடமாட்டோம் என்பதற்குப் பெயர் உரிமை இல்லை. தானும் தின்னாமல் மாட்டையும் தின்னவிடாத அந்த நாயின் வேலை.