மாதாந்தரச் சிந்தனை: ஐம்பது படங்களுக்குப் பிறகு



நம் இல்லத்துச் சிறுமிக்கு வயது பதினொன்று. ஞாயிறு காலையில் சங்கத்துத் தமிழ் வகுப்புக்குப் புறப்படு என்றால் எங்கிருந்தோ தலைவலி வந்துவிடும். பிற்பகலில் கைப்பேசியில் கொரிய நாடகம் பார்க்கும்போது அத்தலைவலி போன இடம் தெரியாது. சென்ற மாதம் ஒருநாள் கோபம் மேலிட்டுக் கைப்பேசியைப் பிடுங்கி வைத்தோம். பிடுங்கிய பிறகு, நம் பிள்ளையை இவ்வளவு கவருகின்ற அந்நாட்டில் இக்கலை எவ்வாறு வளர்ந்தது என்று அறியும் ஆவல் உண்டாயிற்று. அவ்வாறு தேடியபோது நாம் கண்டவர்தாம் இம் க்வோன்-தேக் என்னும் டைரக்டர்.

1930களில் தென்கொரியாவின் ஜொல்லா பகுதியில் பிறந்தவர் இவர். இடதுசாரிச் சார்புடையது என்ற பெயர் பெற்ற குடும்பம். கொரியப் போரும் அதையொட்டிய கொடுமைகளும் அக்குடும்பத்தைச் சிதைத்தன. இளம் பருவத்திலேயே வீட்டைவிட்டுப் புறப்பட்டுத் துறைமுக நகரமாகிய பூசானில் கூலி வேலை செய்தார். இராணுவப் பூட்சுகளைப் பழுதுபார்த்து விற்ற வியாபாரிகளிடம் ஒட்டிக்கொண்டார். அவ்வியாபாரிகள் சியோலுக்குச் சென்று படமெடுக்கத் துணிந்தபோது 1956-இல் இவரையும் அழைத்துக்கொண்டனர். டைரக்டர் சுங் சாங்-ஹ்வாவிடம் எடுபிடி ஆளாகச் சேர்ந்து தொழில் பயின்றார். கலைத் தாகம் அழைத்துச் செல்லவில்லை. வயிறு அழைத்துச் சென்றது. பிழைப்பைத் தேடி ஊர்விட்டு வந்த நமக்கு இதை விளக்க வேண்டுவதில்லை.

1962-இல் இவரது முதற்படம் வெளிவந்தது. மஞ்சூரியாவில் ஜப்பானியரை எதிர்த்துப் போரிட்ட இளைஞர்களைப் பற்றிய சண்டைப் படம் அது. நன்றாக ஓடியது. அன்றுமுதல் பத்தாண்டுகளுக்குள் ஏறக்குறைய ஐம்பது படங்களை இயக்கிவிட்டார் எனில் வேகத்தை ஊகித்துக்கொள்ளலாம். அரசர் காலத்துக் கதை, வாட்சண்டை, துப்பறியும் கதை, கண்ணீர்க் குடும்பக் கதை, போர்க்கதை என்று கேட்டதையெல்லாம் எடுத்துக் கொடுத்தார்.

இதற்கு ஒரு காரணமும் இருந்தது. வெளிநாட்டுப் படங்களை வரவழைக்கும் உரிமை வேண்டுமாயின் உள்நாட்டுப் படங்களைத் தயாரித்துக் காட்ட வேண்டும் என்று அக்காலத்து அரசாங்கம் விதித்திருந்தது. பணம் கொழித்தது வெளிநாட்டுப் படத்தில். ஆகவே உள்நாட்டுப் படங்களுள் பல கணக்குக் காட்டுவதற்காக அவசர அவசரமாக எடுக்கப்பட்டன. அரசாங்கம் விரும்பிய கம்யூனிச எதிர்ப்புப் படங்களையும் இவர் எடுத்தார். இடதுசாரிகளின் உறவினரையும் சந்தேகக் கண்கொண்டு பார்த்த காலம் அது. அத்தகைய குடும்பத்துப் பிள்ளை அத்தகைய படங்களை எடுத்தபோது மனத்தில் என்ன ஓடியிருக்கும் என்று எண்ணிப் பார்க்கையில் நெஞ்சம் கனக்கிறது.

பார்சல் ஆபீசில் நாள்தோறும் ஆரஞ்சுக் கூடைக்கும் ஜவுளிக் கட்டுக்கும் ரசீது போடும் நமக்கு இவ்விடத்தில் ஓர் ஐயம் எழுந்தது. கேட்டதைக் கேட்டபடி செய்து கொடுத்துக்கொண்டே இருப்பவனுக்குத் தன்னுடையது என்று சொல்ல ஏதேனும் மிஞ்சுமா?

இம் அவர்களுக்கும் அக்கேள்வி எழுந்திருக்க வேண்டும். 1973-இல் ‘களை’ என்னும் பொருள்படும் பெயருடைய படத்தைத் தாமே முன்னின்று எடுத்தார். வசூலில் அது தோற்றது. ஆயினும் தம் பாதை திரும்பிய இடமாக அவர் அதையே குறிப்பிடுவார். திருப்பம் ஒரே நாளில் நிகழ்ந்துவிடவில்லை. அதன் பிறகும் ஆர்டருக்கு எடுத்த படங்கள் உண்டு. 1981-இல் இரண்டு பௌத்தத் துறவிகளைப் பற்றிய ‘மண்டலா’ வந்தபோதுதான் உலகம் இவரைத் திரும்பிப் பார்த்தது. 1983-இல் போரினால் பிரிந்தவர்களைச் சேர்த்துவைக்கக் கொரியத் தொலைக்காட்சி 138 நாட்கள் நிகழ்ச்சி நடத்திற்று. அதைப் பின்னணியாகக் கொண்டு, பல்லாண்டுக்குப் பின் சந்திப்பவர்கள் மீண்டும் ஒன்றாவது எளிதா என்று கேட்கும் ‘கில்சொத்தும்’ படத்தை எடுத்தார். 1987-இல் இவர் இயக்கிய படத்துக்காக நடிகை காங் சூ-யொன் வெனிஸ் விழாவில் சிறந்த நடிகையானார்.

பழைய கைத்தொழிலை இவர் கைவிடவுமில்லை. 1990-இல் ‘ஜெனரலின் மகன்’ என்னும் அடிதடிப் படத்தை எடுத்துப் பெரும் வசூல் காட்டினார். அவசர வேலையில் பழகிய கை அது. பின்னாளில் அவர் விரும்பிய வேலைக்கும் அதே கைதான் உதவிற்று.

1993-இல் வந்தது ‘சொப்யொன்ஜே’. பான்சோரி என்பது ஒருவர் பாட, ஒருவர் மத்தளம் தட்டிக் கதை சொல்லும் பழங்கலை. அக்கலை மங்கிவரும் காலத்தில் ஒரு பாடகர் தாம் வளர்க்கும் பெண்ணுக்கும் பையனுக்கும் அதைப் புகட்டிக்கொண்டு ஊர் ஊராக அலைகிறார். சந்தையில் மேனாட்டு பாண்டு வாத்தியம் வந்து இவர்கள் குரலை அமுக்கிவிடுகிறது. பையன் ஓடிப்போகிறான். பெண்ணும் போய்விடுவாளோ என்று அஞ்சியும், துயரம் ஊறினாலன்றிக் குரல் கனியாது என்று கருதியும், அப்பாடகர் மருந்து கொடுத்து அவள் கண்களைக் குருடாக்கிவிடுகிறார். பல்லாண்டுக்குப் பின் தம்பி அவளைத் தேடிவந்து, இருவரும் விடியுமட்டும் பாடலும் மத்தளமுமாக இருந்து, தாம் யாரென்று சொல்லிக்கொள்ளாமலே பிரிகின்றனர். அவர்கள் அன்றிரவு பாடுவது, குருட்டுத் தந்தைக்காக உயிர்கொடுக்கத் துணிந்த மகளின் கதை!

சியோல் நகரில் மட்டும் பத்து லட்சம் பேருக்குமேல் பார்த்த முதற் கொரியப் படம் இதுவே. மறந்து வந்த பான்சோரியின்மேல் மக்களுக்கு மீண்டும் பற்றுண்டாயிற்று. பிறகு 2002-இல் கான் விழாவில் சிறந்த டைரக்டர் விருதும் இவருக்குக் கிட்டியது. 2007-இல் நூறாவது படத்தையும், 2014-இல் 102-ஆவது படத்தையும் தந்தார்.

சொப்யொன்ஜே கதையைச் சிறுமிக்குச் சொன்னோம். கண்ணிழந்த இடம் வந்ததும், “அந்த அப்பா ஏன் அப்படிச் செய்தார்?” என்றாள்.

“பாட்டு அழிந்துவிடக் கூடாது என்று.”

“அதற்கு அந்த அக்கா என்ன செய்வாள், அப்பா?”

நமக்குப் பதில் வரவில்லை. கைப்பேசியைப் பிடுங்கி வைத்த கை நினைவுக்கு வந்தது. தமிழ் நம்மோடு நின்றுவிடக் கூடாது என்னும் கவலை நியாயமானதே. ஆனால் அக்கவலையை யார் தலையில் ஏற்றுகிறோம் என்று நாம் ஒருநாளும் யோசித்ததில்லை. டைரக்டரும் அத்தந்தையை வாழ்த்தவில்லை, தூற்றவுமில்லை, பார்க்கிறவர்களிடமே விட்டுவிட்டார்.

கைப்பேசியைத் திருப்பிக் கொடுத்துவிட்டோம். மறு ஞாயிறு வகுப்புக்கு அழைத்தபோது வழக்கம்போல் தலைவலி வந்தது. “சரி, அம்மா” என்று விட்டுவிட்டுத் தனியே சங்கத்துக்குப் போனோம். ஆசிரியையிடம், இனி பாடம் முடிந்த கடைசி அரைமணியில் பிள்ளைகளுக்குக் கதை சொல்லலாமா என்று கேட்டோம். சம்மதித்தார். முதற் கதையை நாமே சொல்வதாக ஒப்புக்கொண்டிருக்கிறோம். எந்தக் கதை சொல்லலாம் என்று அன்பர்கள் எழுதினால் உபகாரமாக இருக்கும்.