குழாய் ஒன்று, காவலாளிகள் நான்கு

கேஸ் பைப்லைன் என்று பேச்செடுத்தாலே நம்ம ஆட்கள் இரண்டு கட்சியாகப் பிரிந்துவிடுவார்கள். ஒரு கட்சி, "வயலுக்குள்ள ஒரு அடி கூட விடமாட்டோம்" என்னும். இன்னொரு கட்சி நம்மைப் போல வெளி மாநிலத்தில் குப்பை கொட்டுகிறவர்கள். ஃபிளாட்டில் குழாய் வழியாக கேஸ் வருகிறது, சிலிண்டர் புக் செய்யும் தொல்லை இல்லை. அந்த நிம்மதியில், "ஊர்ல இருக்கிறவங்களுக்கு விவரம் பத்தலை சார், எது வந்தாலும் எதிர்ப்பாங்க" என்று தீர்ப்பு சொல்லிவிடுவோம்.

இந்த இரண்டாவது கட்சியோடுதான் எனக்குச் சண்டை.

முதலில் ஒன்றை ஒப்புக்கொள்கிறேன். எரிவாயுவை ஓரிடத்திலிருந்து இன்னோர் இடத்துக்குக் கொண்டுபோக, நெடுஞ்சாலையில் டேங்கர் லாரி ஓட்டுவதைவிட குழாய் நல்ல வழி. செலவும் குறைவு, விபத்தும் குறைவு. ஆகவே நான் பைப்லைனுக்கு எதிரி இல்லை. என் கேள்வி வேறு. குழாயைப் புதைத்த பிறகு அதைப் பார்த்துக்கொள்வது யார்? பார்க்கவில்லை என்றால் யாரைப் போய்க் கேட்பது?

இதற்குப் பதில் தெரிய வேண்டுமானால் கோனசீமைக்குப் போக வேண்டும். கோதாவரி கடலில் கலக்கும் இடத்தில் இருக்கிற தீவுக்கூட்டம். தென்னையும் நெல்லும் வாய்க்காலுமாக, பார்த்தால் நம்ம தஞ்சாவூர்ப் பக்கம் மாதிரியே இருக்கும். ஒரே வித்தியாசம், அந்தத் தென்னந்தோப்புகளுக்கு நடுவே எண்ணெய்க் கிணறுகளும் வாயுக் கிணறுகளும் நிற்கும். 1995 ஜனவரியில் பாசர்லபூடியில் ஓ.என்.ஜி.சி. கிணறு ஒன்று வெடித்துத் தீப்பிடித்து இரண்டு மாதத்துக்கு மேல் எரிந்தது. அந்த வட்டாரத்தில் அதை இன்னும் யாரும் மறக்கவில்லை.

பத்தொன்பது வருஷம் கழித்து, 2014 ஜூன் 27. கிழக்கு கோதாவரி மாவட்டம், மாமிடிகுதுரு மண்டலம், நகரம் என்ற கிராமம். (ஊர் பெயரே 'நகரம்'தான்.) ததிபாகாவிலிருந்து கொண்டபல்லி மின் நிலையத்துக்கு வாயு கொண்டுபோகும் கெயில் நிறுவனத்தின் 18 அங்குலக் குழாய் அந்த ஊரை ஒட்டிப் போகிறது. விடியற்காலையில் குழாயிலிருந்து வாயு கசிந்து, மேகம் மாதிரி தரையோடு பரவியிருக்கிறது. எங்கோ ஒரு நெருப்புப் பொறி. ஊர் பற்றிக்கொண்டது. 20 பேருக்கு மேல் செத்துப்போனார்கள். பலர் தூக்கத்திலேயே. கருகி நின்ற தென்னை மரங்களின் படத்தை அன்று பேப்பரில் பார்த்தவர்களுக்கு ஞாபகம் இருக்கும்.

"விபத்துதானே சார், யார் என்ன செய்ய முடியும்?" என்பீர்கள். அங்கேதான் விஷயம் இருக்கிறது.

பூமிக்கடியில் போகிற இரும்புக் குழாய்க்கு இரண்டு பக்கமும் எதிரி உண்டு. வெளிப்பக்கத்தில் மண்ணின் ஈரம். அதைத் தடுக்க மேலே பூச்சு பூசி, கூடவே மெல்லிய மின்சாரமும் கொடுத்துத் துருப்பிடிக்காமல் காப்பாற்றுவார்கள். ஆனால் அந்த மின்சாரம் உள்பக்கத்தைக் காப்பாற்றாது. கிணற்றிலிருந்து வரும் வாயுவில் தண்ணீர் இருக்கும், கார்பன் டை ஆக்சைடு இருக்கும். இரண்டும் சேர்ந்தால் அமிலம். அது குழாயை உள்ளிருந்தே கரையான் மாதிரி அரிக்கும். அதனால்தான் வாயுவைக் குழாயில் ஏற்றுவதற்கு முன்னால் ஈரத்தை நீக்க வேண்டும் என்பது பாலபாடம்.

நகரம் குழாய் உலர்ந்த வாயுவுக்காகப் போடப்பட்டது. அதில் போனதோ ஈர வாயு. நீர் நீக்கும் கருவி வைக்கப்படவே இல்லை என்று விசாரணையில் வெளிவந்தது. வாடை வருகிறது, கசிகிறது என்று ஊர்க்காரர்கள் முன்பே சொல்லியிருந்ததாகவும் செய்திகள் வந்தன. இதற்கு விதி என்று பெயர் வைக்க முடியுமா? ஒரு கருவி வாங்கி வைக்காததற்கு விதி மேல் பழி போடுவது ரொம்ப வசதி.

சரி, விதிமுறையே இல்லாத நாடா இது? அதெல்லாம் ஏராளமாக இருக்கிறது. பெட்ரோலியம் மற்றும் இயற்கை எரிவாயு ஒழுங்குமுறை வாரியச் சட்டம் 2006-இல் வந்தது. குழாய்களுக்கான தொழில்நுட்ப, பாதுகாப்பு விதிகள் 2009-இல் வந்தன. அவசரகாலத் திட்டத்துக்கு 2010-இல் தனி விதிகள். குழாயின் ஆயுளை அவ்வப்போது சோதிப்பதற்கு 2012-இல் இன்னொன்று. நகரம் எரிந்தபோது இத்தனையும் அமலில் இருந்தன. விதிப்புத்தகத்துக்கு ஒரு கீறல் கூட விழவில்லை!

காவலாளிகளும் ஒருவர் இல்லை, நால்வர். கொஞ்சம் பொறுமையாகப் படியுங்கள், தலை சுற்றும்.

1. எரிவாயுக் குழாய்களுக்கு மேலே சொன்ன ஒழுங்குமுறை வாரியம். ஆனால் அந்தச் சட்டத்தின் முதல் பிரிவிலேயே, எண்ணெய், வாயு உற்பத்தி இதில் சேராது என்று எழுதிவிட்டார்கள்.

2. கிணற்றடி நிலத்தில் பாதுகாப்பு என்றால் சுரங்கப் பாதுகாப்பு இயக்குநரகம். தலைமையகம் தன்பாத். இருப்பது தொழிலாளர் அமைச்சகத்தின் கீழ்.

3. பெட்ரோலியப் பொருட்களைச் சேமிக்கிற, கொண்டுபோகிற உரிமங்களுக்கு வெடிபொருள் பாதுகாப்பு அமைப்பு. தலைமையகம் நாக்பூர். இருப்பது வர்த்தக, தொழில் அமைச்சகத்தின் கீழ்.

4. இந்தத் துறைக்கே தரநிலை எழுதி, தணிக்கையும் செய்கிற எண்ணெய்த் தொழில் பாதுகாப்பு இயக்குநரகம். 1986-இல் தொடங்கியது. இருப்பது பெட்ரோலியம் அமைச்சகத்தின் கீழ்.

ஒரு தெருவுக்கு நாலு கூர்க்கா வைத்தால் என்ன நடக்கும்? திருட்டுப் போன மறுநாள் ஒவ்வொருவரும், "அது என் பக்கம் இல்லை சாப்" என்பார். கிணற்றுக்கு ஓர் ஆபீஸ், அதே கிணற்று வாயு போகிற குழாய்க்கு வேறோர் ஆபீஸ். ஈரம் நீக்க வேண்டிய இடமோ சரியாக இந்த இரண்டுக்கும் நடுவில்!

நாலாவது காவலாளியை இன்னும் கொஞ்சம் உற்றுப் பாருங்கள். கெயில், ஓ.என்.ஜி.சி., இந்தியன் ஆயில், ஆயில் இந்தியா எல்லாம் எந்த அமைச்சகத்தின் நிறுவனங்கள்? பெட்ரோலியம் அமைச்சகம். அவற்றைத் தணிக்கை செய்கிற இயக்குநரகம் எந்த அமைச்சகம்? அதே. அங்கே வேலை பார்க்கும் அதிகாரிகள் பலர் இந்த நிறுவனங்களிலிருந்தே சில வருஷத்துக்கு வந்து திரும்பிப் போகிறவர்கள். நாளைக்குத் திரும்பிப் போக வேண்டிய வீட்டில் இன்றைக்கு எவ்வளவு கண்டிப்பாகக் குறை சொல்ல முடியும்? அந்த அதிகாரிகள் கெட்டவர்கள் என்று நான் சொல்லவில்லை. எவ்வளவு நல்லவரை உட்கார வைத்தாலும் அந்த நாற்காலி அப்படித்தான்.

தண்டனைக்கு வருவோம். 2006 சட்டத்தின் 28-ஆம் பிரிவில், அனுமதி நிபந்தனையை மீறினால் வாரியம் விதிக்கக்கூடிய அபராதம் ஒரு மீறலுக்கு அதிகபட்சம் 1 கோடி ரூபாய் என்று எழுதினார்கள். தொடர்ந்து மீறினால் நாளுக்கு 10 லட்சம் வரை. ஆயிரக்கணக்கான கோடி லாபம் பார்க்கிற நிறுவனத்துக்கு இது டீச்செலவு.

அமெரிக்காவில் கலிபோர்னியாவின் சான் புருனோ என்ற ஊரில் 2010 செப்டம்பர் 9 அன்று ஒரு வாயுக் குழாய் வெடித்து 8 பேர் இறந்தார்கள். அரசின் எந்தத் துறைக்கும் கட்டுப்படாத விபத்து விசாரணை வாரியம் ஒன்று முழு அறிக்கையை மறு வருஷமே வெளியிட்டது. யார் வேண்டுமானாலும் படிக்கலாம். அந்தக் கண்காணிப்பு ஆணையம் நிறுவனத்தோடு ரொம்பக் குழைந்துவிட்டது என்று அங்கேயும் திட்டு விழுந்தது. ஆனால் அதே ஆணையம் 2015-இல் 160 கோடி டாலர் தண்டம் போட்டது. 2016-இல் நிறுவனம் குற்றவாளி என்று ஜூரி தீர்ப்பு சொன்னது. அமெரிக்கா சொர்க்கம் என்று சொல்ல வரவில்லை. அங்கே கேள்வி கேட்க ஒரு முகவரி இருந்தது, அவ்வளவுதான்.

இங்கே 2020 மே 27 அன்று அசாமின் பாக்ஜானில் ஆயில் இந்தியா கிணறு வெடித்தது. ஜூன் 9 அன்று தீப்பிடித்தது, இரண்டு தீயணைப்பு வீரர்கள் இறந்தார்கள். நவம்பர் நடுவில்தான் கிணற்றை அடக்க முடிந்தது. மாநில மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் அந்த வயலை மூடச் சொல்லி ஜூனில் நோட்டீஸ் கொடுத்தது. சில நாட்களிலேயே அதைத் திரும்பப் பெற்றுக்கொண்டது. இதுதான் நம்ம ஊர் கண்டிப்பு.

மனசு வைத்தால் முடியாததா? குழாய் வாடகைக் கட்டணத்தை நாடு முழுக்க ஒரே முறையில் கொண்டுவர வேண்டும் என்று தோன்றியது. 2023 ஏப்ரல் 1 முதல் கொண்டுவந்துவிட்டார்கள். கட்டணத்துக்கு 'ஒரே நாடு', பாதுகாப்புக்கு மட்டும் நாலு ஆபீஸா?

இப்போது அந்த "விவரம் பத்தாத" விவசாயிக்கு வருவோம். கொச்சியிலிருந்து வரும் கெயில் குழாய் கோவையிலிருந்து கிருஷ்ணகிரி வரை 7 மாவட்ட விவசாய நிலங்கள் வழியாகப் போகும் என்றபோது கொங்கு மண்டலமே எழுந்தது. 2013-இல் தமிழக அரசு நெடுஞ்சாலை ஓரமாகக் கொண்டுபோகச் சொன்னது. 2016 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் அரசின் மனுவைத் தள்ளுபடி செய்தது. வெளியில் இருக்கும் நமக்கு இது செய்தி. அங்கே அம்மா அப்பா இருக்கிற நிலத்துக்கு அது நோட்டீஸ்.

அந்த நோட்டீஸுக்குப் பின்னால் இருப்பது 1962-ஆம் வருஷச் சட்டம். நிலம் உங்கள் பெயரிலேயே இருக்கும். ஆனால் குழாய் போகும் பட்டையில் வீடு கட்டக்கூடாது, கிணறு வெட்டக்கூடாது, மரம் நடக்கூடாது. பயிர்ச் சேதத்துக்குத் தனிக் கணக்கு. பயன்பாட்டு உரிமைக்கு நிலச் சந்தை மதிப்பில் 10 சதவீதம். தென்னை வைத்துப் பிழைக்கிறவனிடம் "மரம் நடாதே, பத்து பர்சென்ட் வாங்கிக்கோ" என்றால் அவன் கும்பிடவா செய்வான்? குழாயைச் சேதப்படுத்துகிறவர்களுக்கு 2011-இல் சட்டத்தைத் திருத்தி தண்டனையைக் கடுமையாக்கினார்கள். சரி, வேண்டியதுதான். அந்தச் சூட்டோடு, குழாயைத் துருப்பிடிக்க விட்டவர்களுக்கும் அதே கண்டிப்பை எழுதியிருக்கலாமே?

"எல்லா விவரத்தையும் வெளியில் சொன்னால் மக்கள் பயப்படுவார்கள், நாச வேலைக்காரனுக்கு உதவும்" என்று ஒரு வாதம் வரும். குழாய் எங்கே போகிறது என்று கம்பெனியே வழி நெடுக எச்சரிக்கைப் பலகை நட்டு வைத்திருக்கிறது. நாசம் செய்ய நினைப்பவனுக்கு அதுவே போதும். சோதனை அறிக்கை தெரியாமல் இருப்பது பக்கத்து வீட்டுக்காரனுக்குத்தான்.

ஆகவே நான் கேட்பது நாலே நாலு.

- கிணற்று வாயிலிலிருந்து கடைசி வால்வு வரை பாதுகாப்புக்கு ஒரே அமைப்பு. அது பெட்ரோலியம் அமைச்சகத்தின் கீழ் இருக்கக்கூடாது.
- குழாயின் உள்பக்கத்தைச் சோதித்த தேதியும் முடிவும் தமிழிலோ தெலுங்கிலோ அசாமியிலோ அந்தந்தக் கிராமப் பஞ்சாயத்துப் பலகையில்.
- குழாய்க்கு இரு பக்கமும் 200 மீட்டருக்குள் எத்தனை வீடுகள் என்பதைப் பொறுத்துத்தான் குழாயின் தடிமனும் அழுத்தமும் முடிவாகின்றன. ஊர் வளர்ந்தால் அந்தக் கணக்கை மறுபடி எடுத்து, ஊருக்கும் சொல்ல வேண்டும்.
- உயிர்ச்சேதம் என்றால் தண்டம் நிறுவனத்தின் வருமானத்தில் ஒரு பங்காக இருக்கட்டும்.

இதில் ஒன்று கூட பைப்லைனை நிறுத்தச் சொல்லவில்லை. நம் அடுப்பு எரிய வேண்டும், மறுப்பே இல்லை. அந்த நீல ஜ்வாலைக்காக நாம் மாதாமாதம் பில் கட்டுகிறோம். நகரம் கிராமத்தார் கட்டிய பில்லையும் ஒரு தரம் எடுத்துப் பார்த்துவிட்டு, அதற்கப்புறம் யாருக்கு விவரம் பத்தவில்லை என்று சொல்லுங்கள்.

டிஸ்கி: அடுத்த முறை ஊருக்குப் போகும்போது நிலத்து வழியாகக் குழாய் போகிறதா என்று வீட்டில் விசாரியுங்கள். போகிறது என்றால் கடைசியாக எப்போது சோதித்தார்கள் என்று தகவல் உரிமைச் சட்டத்தில் ஒரு மனு போடுங்கள். கட்டணம் பத்து ரூபாய்தான். பதில் வந்தாலும் வராவிட்டாலும் இங்கே வந்து சொல்லுங்கள்.