கேலாங் சிராய்: இடம் உறுதி, வாக்கு?

மலாய்க்காரர்கள் பெரும்பான்மையாக இருந்த கேலாங் சிராய் தொகுதியை 1959ல் அம்னோ வென்றது. நான்கே ஆண்டுகளில், 1963 தேர்தலில், அதே தொகுதி மக்கள் செயல் கட்சி (மசெக) பக்கம் சாய்ந்தது. இனத்தை மட்டும் வைத்து வாக்கைக் கணிக்க முடியாது என்பதை வாக்காளர்கள் காட்டினர்.

1988ல் குழுத்தொகுதி முறை வந்தது. ஒவ்வோர் அணியிலும் சிறுபான்மையினர் ஒருவராவது இடம்பெற வேண்டும் என்றானது. 1989 முதல் வீவக புளோக்குகளில் ஓர் இனத்தவர் எத்தனை வீடுகள் வாங்கலாம் என்பதற்கும் வரம்பு உண்டு. எந்தத் தொகுதியிலும் பெரும்பான்மையாக இல்லாத இந்தியர்களுக்குக் குழுத்தொகுதி தரும் உறுதி முக்கியமானது.

ஆனால், 2025 தேர்தலில் கேலாங் சிராய் அடங்கிய மரின் பரேட்-பிரேடல் ஹைட்ஸ் குழுத்தொகுதியில் மசெக போட்டியின்றி வென்றது. ஐந்து இடங்களும் நிரம்பின. அங்குள்ள எவருக்கும் வாக்களிக்கும் வாய்ப்பு அமையவில்லை.