மறுவாய்ப்பும் இளமுகமும்

சுதா கொங்கராவின் 'இளமை இதோ இதோ' குறும்படத்தை அண்மையில் மீண்டும் பார்த்தோம். 2020 அக்டோபரில் இணையவழி வெளியான 'புத்தம் புதுக் காலை' தொகுப்பின் ஐந்து படங்களுள் ஒன்று அது. முன்பு பிரிந்துபோன காதலர் இருவர், முதுமையின் வாசலில், ஊரடங்கு நாட்களில் ஒரு வீட்டில் சேர்ந்திருக்கிறார்கள். ஜெயராமும் ஊர்வசியும் ஏற்ற பாத்திரங்கள், காதல் பெருகுகையில் காளிதாஸ் ஜெயராமாகவும் கல்யாணி பிரியதர்ஷனாகவும் உருமாறிவிடுகின்றன.

உத்தி இனிமையானது, மனத்துக்கு வயதில்லை என்பதை வசனமின்றியே உணர்த்திவிடுகிறது. ஆயினும் நமக்கொரு மனக்குறை உண்டு. இழந்த ஆண்டுகள் முகத்தில் எழுதப்பட்டிருப்பதால்தானே வருத்தத்துக்குக் கனம் வருகிறது? அந்த முகத்தை மாற்றிவிட்டால், எதை இழந்தோம் என்பதே பார்வையாளருக்கு மறந்துபோகிறது.

காரைக்காலில் இருந்துகொண்டு இதை எழுதும்போது புனிதவதியார் நினைவுக்கு வராமல் இரார். சேக்கிழார் 12ஆம் நூற்றாண்டில் பெரியபுராணத்தில் பாடிய கதைதான். மாங்கனி அற்புதம் கண்டு அஞ்சிய பரமதத்தன் வணிகம் செய்வதாகச் சொல்லிக் கப்பலேறுகிறான். பாண்டிய நாட்டில் மறுமணம் புரிகிறான். பிறந்த மகளுக்கு முதல் மனைவியின் பெயரையே இடுகிறான். பின்னர் உறவினர் அவளை அழைத்து வரும்போது, இரண்டாம் மனைவியோடும் மகளோடும் அவள் காலில் விழுகிறான். ஆணுக்கு இரண்டாவது வாழ்வு கேளாமலே கிடைத்தது. அவளோ கணவனுக்காகச் சுமந்த அழகை உதறிப் பேய் வடிவத்தை வேண்டிப் பெற்றாள்.

வகுப்பில் இப்பகுதியை நடத்தும்போது, "அவர் ஏன் திரும்பிவந்து வாழவில்லை?" என்று மாணவியர் கேட்பதுண்டு. நாம் பக்தி என்று விடை கூறுவோம். அவர்கள் முகத்தில் நிறைவு தெரிவதில்லை.

பெண்ணுக்கும் மறுவாய்ப்பு உண்டென்று சொன்னதே குறும்படத்தின் பெருமை. ஆனால் அதைத் தர அவள் இளமையைத் திருப்பியளிக்க வேண்டியிருக்கிறது. துறவு கொள்ள இளமையை உதற வேண்டும். காதல் கொள்ள இளமையை மீண்டும் அணிய வேண்டும். இரண்டுக்கும் நடுவே, நரைத்த தலையோடு காதலிக்கப்படும் ஒரு பெண்ணை நம் கலை எப்போது நேருக்கு நேர் பார்க்கும்? ஊர்வசி போன்ற நடிகையின் கண்களே அதற்குப் போதுமாயிருந்தன.

ஆனிப் பௌர்ணமியை ஒட்டிய மாங்கனித் திருவிழாவில் இவ்வூரார் ஆண்டுதோறும் புனிதவதிக்கும் பரமதத்தனுக்கும் திருமணம் நடத்துகிறார்கள். அவன் பிரிந்து செல்வான் என்பது கூட்டத்தில் அனைவருக்கும் தெரியும். இருந்தும் மணமேடை அலங்கரிக்கப்படுகிறது. அடுத்த முறை அங்கு நிற்கையில், மாணவியரின் அந்தக் கேள்வியும் நம்முடன் நிற்கும்.